480 நாள் கணக்கு: பணி நிரந்தரக் கோரிக்கை எங்கே ஜெயிக்கிறது, எங்கே சறுக்குகிறது

தமிழ்நாட்டில் தற்காலிகமாக வேலை பார்க்கும் தொழிலாளிக்கு, இந்தியாவின் பெரும்பாலான மாநிலங்களில் இல்லாத ஒரு சட்டம் துணைக்கு இருக்கிறது. 1981-ல் வந்த தமிழ்நாடு தொழில் நிறுவனங்கள் (தொழிலாளர்களுக்கு நிரந்தரத் தகுதி வழங்குதல்) சட்டம் அது. அதன் உயிர் 3-வது பிரிவில் இருக்கிறது. 24 காலண்டர் மாதங்களுக்குள் 480 நாள் தொடர்ச்சியாகப் பணி செய்த ஒவ்வொரு தொழிலாளியும் நிரந்தரமாக்கப்பட வேண்டும் என்கிறது அந்தப் பிரிவு. 'நிரந்தரமாக்கலாம்' என்று அது நிர்வாகத்தின் விருப்பத்துக்கு விடவில்லை. வேறு எந்தச் சட்டத்தில் என்ன சொல்லியிருந்தாலும் இதுதான் செல்லும் என்கிறது. அந்த 'வேறு சட்டம்' என்பதற்குள் ஒப்பந்தம், உடன்படிக்கை, பணி நியமன நிபந்தனை எல்லாம் அடக்கம் என்று விளக்கமும் தருகிறது. "நான் என்றைக்கும் நிரந்தரம் கேட்க மாட்டேன்" என்று சேரும்போது கையெழுத்து வாங்கி வைத்திருந்தாலும், அந்தக் காகிதத்தால் இந்த உரிமையைத் தடுக்க முடியாது.

இவ்வளவு தெளிவான சட்டம் இருந்தும் ஆயிரக்கணக்கானோர் பத்து, பதினைந்து வருடம் 'டெம்பரவரி'யாகவே கிடக்கிறார்கள். சட்டத்தில் பெரிய ஓட்டை இருப்பதால் அல்ல. நாள் கணக்கை நிரூபிக்கக் காகிதம் இருக்காது, அல்லது போக வேண்டிய கதவை விட்டு வேறு கதவைத் தட்டியிருப்பார்கள். வழக்குகள் சாய்வது பெரும்பாலும் இந்த இரண்டில்தான்.

முதலில் ஒரு குழப்பத்தைத் தீர்த்துவிடுவோம். "240 நாள் முடிந்தால் பெர்மனன்ட்" என்று ஆலை வாசலில் சொல்வார்கள். அது பாதி உண்மை. 12 மாதத்தில் 240 நாள் என்பது 2025 நவம்பர் வரை இருந்த தொழில் தகராறுகள் சட்டத்தின் 25-பி பிரிவில் வந்த கணக்கு. அதை முடித்தவரை ஆட்குறைப்பு செய்ய வேண்டுமானால் ஒரு மாத நோட்டீஸோ அதற்கான சம்பளமோ தர வேண்டும், முடித்த ஒவ்வொரு வருடத்துக்கும் 15 நாள் சம்பளம் இழப்பீடாகத் தர வேண்டும். வேலையை விட்டு நீக்குவதற்கான வரம்பு மட்டுமே அது. நிரந்தரம் தருவது 480. ஆனால் சில நிறுவனங்களின் சான்றளிக்கப்பட்ட நிலையாணைகளில், அதாவது அந்த நிறுவனத்தின் பணி விதிகளில், 240 நாளுக்கே நிரந்தரம் என்று எழுதியிருக்கும். ஆகவே உங்கள் நிறுவனத்தின் நிலையாணையை முதலில் படித்துவிடுங்கள்.

நாளை எண்ணுவது எப்படி

24 காலண்டர் மாதம் என்பது ஜனவரியில் தொடங்கி டிசம்பரில் முடிய வேண்டும் என்றில்லை. சேர்ந்த தேதியிலிருந்துதான் எண்ண வேண்டும் என்றும் இல்லை. உங்கள் பணிக்காலத்தில் எந்த 24 மாதத்தை எடுத்தால் 480 தேறுகிறதோ, அந்தத் துண்டை எடுத்துக்காட்டினால் போதும். மாதம் 26 நாள் வேலை என்றால் 24 மாதத்தில் 624 நாள். சராசரியாக மாதம் 20 நாள் இருந்தாலே 480 வந்துவிடும்.

நிர்வாகங்கள் 'பிரேக்' கொடுப்பது, அதாவது இடையில் சில நாள் வேலை தராமல் நிறுத்திவைப்பது, இந்தக் கணக்கைக் குலைக்கத்தான். அந்த பிரேக்கைக் காகிதத்தில் போட்டுப் பார்த்தால் பல சமயம் அது நிர்வாகம் நினைத்தபடி வேலை செய்வதில்லை என்பது தெரியும். ஐந்து மாதம் வேலை, ஒரு மாதம் பிரேக் என்று வையுங்கள். 24 மாதத்தில் 20 மாதம் வேலை. 26-ஆல் பெருக்கினால் 520. உரிமை கிடைத்துவிட்டது. நான்கு மாதம் வேலை, இரண்டு மாதம் பிரேக் என்றால்தான் சிக்கல். 16 மாதம், 416 வேலை நாள். இங்கே ஞாயிறுகள் கணக்கில் வருமா என்பதில்தான் எல்லாம் தொங்குகிறது. ஜனவரி முதல் ஏப்ரல் வரை 120 நாள், ஜூலை முதல் அக்டோபர் வரை 123 நாள். ஆண்டுக்கு 243, இரண்டு ஆண்டுக்கு 486. வார விடுமுறையைச் சேர்த்தால் 480-ஐ ஆறு நாள் வித்தியாசத்தில் தாண்டுகிறது, சேர்க்காவிட்டால் 64 நாள் குறைவால் தோற்கிறது. 240 நாள் கணக்கில், சம்பளத்தோடு கூடிய ஞாயிறுகளும் பண்டிகை விடுமுறைகளும் சேரும் என்று அமெரிக்கன் எக்ஸ்பிரஸ் வழக்கில் 1985-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. 480-க்கும் அதே அளவுகோலைப் பொருத்தக் கோர வேண்டும். மனுவில் வேலை செய்த நாள் ஒரு பத்தி, சம்பளத்தோடு கூடிய விடுமுறை நாள் ஒரு பத்தி என்று பிரித்து எழுதுங்கள். மொத்தமாக "486 நாள்" என்று மட்டும் எழுதினால் எதிர்த்தரப்பு வழக்கறிஞர் குறுக்கு விசாரணையில் அதை ஐந்து நிமிடத்தில் உடைத்துவிடுவார்.

இன்னொன்று. நோய், அனுமதி பெற்ற விடுப்பு, விபத்து, சட்டவிரோதம் அல்லாத வேலைநிறுத்தம், கதவடைப்பு, தொழிலாளியின் தவறில்லாமல் வேலை நின்றுபோனது ஆகியவற்றால் பணித் தொடர்ச்சி அறுபடாது என்று சட்டமே சொல்கிறது. நிர்வாகம் தானாகக் கொடுத்த பிரேக், தொழிலாளியின் தவறில்லாத நிறுத்தம்தான். ஆனால் இந்த வாதம் நிற்க வேண்டுமானால், பிரேக் முடிந்ததும் வேலைக்குப் போய் நின்றதற்கு அடையாளம் வேண்டும். "இன்று வேலைக்கு வந்தேன், திருப்பி அனுப்பினார்கள்" என்று அன்றைக்கே பதிவுத் தபாலிலோ மின்னஞ்சலிலோ இரண்டு வரி அனுப்பியிருந்தால் அது பெரிய ஆயுதம்.

யாருக்குப் பொருந்தும், யாருக்குப் பொருந்தாது? முந்தைய 12 மாதத்தில் ஏதாவது ஒரு நாளாவது 50 தொழிலாளர் வேலை செய்த நிறுவனமாக இருக்க வேண்டும். தொழிற்சாலை, தோட்டம், மோட்டார் போக்குவரத்து, பீடி நிறுவனம், கடைகள் மற்றும் நிறுவனங்கள் சட்டத்தின் கீழ் வருபவை எல்லாம் உண்டு. பருவகாலத் தொழிலும் விட்டுவிட்டு நடக்கும் தொழிலும் வராது. கட்டட, சாலை, பாலக் கட்டுமானத்துக்கும் விலக்கு உண்டு. பஞ்சாலைகளில் ஆண்டுக்கணக்கில் 'பதிலி' (வராத தொழிலாளிக்குப் பதிலாக நிற்பவர்) என்ற பெயரில் ஓட்டுகிறார்களே, அவர்களைத் தொழிலாளி என்ற வரையறைக்குள்ளேயே சட்டம் சேர்த்திருக்கிறது. மேலாளர்களுக்கு இது இல்லை. 'டிரெய்னி' என்று பெயர் வைத்தால் தப்பித்துவிடலாம் என்று நினைக்கும் நிறுவனங்கள் ஏராளம். 1961-ஆம் ஆண்டு அப்ரென்டிஸ் சட்டத்தின்படி ஒப்பந்தம் முறையாகப் பதிவாகியிருந்தால் அவர் தொழிலாளி அல்ல. பதிவு இல்லை, பாடத்திட்டம் இல்லை, நிரந்தரத் தொழிலாளி நிற்கும் அதே லைனில் அதே உற்பத்தி இலக்கோடு மூன்று ஷிப்டும் நிற்கிறார் என்றால், பெயர் டிரெய்னி என்பதால் மட்டும் அவர் பயிற்சியாளர் ஆகிவிட மாட்டார்.

காகிதம்

240 நாள் வேலை செய்தேன் என்று நிரூபிக்கும் பொறுப்பு தொழிலாளியுடையது என்று ஹதிமானி வழக்கில் 2002-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. வெறும் பிரமாண வாக்குமூலம் போதாது என்றும் சொன்னது. இந்தத் தீர்ப்பைக் காட்டித்தான் நிர்வாகங்கள் நிறைய வழக்குகளை வென்றன. 2005-ல் வந்த எல்லட்டி வழக்கு அதைச் சற்றுச் சமன் செய்தது. தினக்கூலிக்கு நியமன ஆணையும் சம்பளச் சீட்டும் இருக்காது என்பதை நீதிமன்றம் ஏற்றுக்கொண்டது. தொழிலாளி கூண்டில் ஏறிச் சாட்சி சொல்லி, மஸ்டர் ரோல் (வருகைப் பதிவேடு), சம்பளப் பதிவேடு போன்றவற்றைத் தாக்கல் செய்யும்படி நிர்வாகத்தைக் கேட்டால், பொறுப்பு அந்தப் பக்கம் நகரும். எனவே 'ஆவணங்களைத் தாக்கல் செய்யக் கோரும் மனு' என்ற ஒன்றைத் தவறாமல் போட வேண்டும். எந்தப் பதிவேடு, எந்த மாதம் முதல் எந்த மாதம் வரை என்று துல்லியமாகக் கேட்க வேண்டும். "எல்லா ஆவணங்களும்" என்று கேட்டால் எதுவும் வராது.

தொழிலாளியே எடுத்துக்கொள்ளக்கூடிய ஆவணங்களில் மிக வலுவானது இ.எஸ்.ஐ. பங்களிப்பு விவரம். காப்பீட்டு எண்ணை வைத்து இ.எஸ்.ஐ. இணையதளத்தில் நுழைந்தால், மாதவாரியாக எத்தனை நாளுக்குச் சம்பளம், எவ்வளவு தொகை என்று வரும். அந்த நாள் எண்ணிக்கையைப் பதிவேற்றியது நிர்வாகமே. தான் எழுதிய எண்ணைத் தானே பொய் என்று சொல்வது அதற்குக் கஷ்டம். சம்பளம் 21,000 ரூபாய் வரம்புக்குள் இருப்பவர்களுக்கு இது கிடைக்கும். அடுத்தது பி.எஃப். பாஸ்புக். அதில் பங்களிப்புத் தொகைதான் தெரியும். ஆனால் நிர்வாகம் மாதாமாதம் ஏற்றும் கோப்பில், பங்களிப்பு இல்லாத நாள்கள் என்று தனி நெடுவரிசை இருக்கும். அதைப் பி.எஃப். அலுவலகத்திலிருந்து வரவழைக்கச் சொல்லி நீதிமன்றத்தில் மனு போடலாம்.

இவற்றோடு கேட் பாஸ், அடையாள அட்டை, ஷிப்ட் அட்டவணை, சூப்பர்வைசர் அனுப்பிய வாட்ஸ்அப் செய்திகள், பாதுகாப்புப் பயிற்சிக்குக் கையெழுத்திட்ட தாள், கேன்டீன் டோக்கன், வங்கிக் கணக்கில் சம்பளம் விழுந்த வரிகள் எல்லாவற்றையும் உள்ளே வேலையில் இருக்கும்போதே படமெடுத்து வைத்துக்கொள்ள வேண்டும். வேலை போன மறுநாள் கேட்டுக்குள் கால் வைக்க முடியாது. இதை எத்தனை முறை சொன்னாலும் தகும்.

காண்ட்ராக்டர் என்ற திரை

நாளைக் குறைக்கும் தந்திரம் பலிக்காத இடத்தில் நிர்வாகம் முதலாளியை மாற்றும் தந்திரத்துக்குப் போகிறது. தொழிலாளி அதே மெஷினில் நிற்பார். பி.எஃப். பாஸ்புக்கில் மட்டும் மூன்று வருடத்தில் மூன்று காண்ட்ராக்டர் பெயர் வரும். "480 நாள் எங்களிடம் இல்லையே" என்று மூவரும் சொல்வார்கள், பிரதான முதலாளியும், அதாவது காண்ட்ராக்டரை அமர்த்திய நிறுவனமும், அதையே சொல்லும்.

ஒப்பந்த முறை ஒழிக்கப்பட்டால் தொழிலாளி தானாகவே பிரதான முதலாளியிடம் சேர்ந்துவிடுவார் என்ற நிலை 2001 ஆகஸ்ட் 30 வரை இருந்தது. அன்று ஸ்டீல் அத்தாரிட்டி வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு அதை மாற்றிவிட்டது. அதே தீர்ப்பு ஒரு வாசலையும் திறந்தே வைத்தது. ஒப்பந்தம் வெறும் கண்துடைப்பு என்று தொழில் தீர்ப்பாயத்தில் நிரூபித்தால், அந்தத் தொழிலாளி ஆரம்பம் முதலே பிரதான முதலாளியின் ஆள்தான். ஆகவே காண்ட்ராக்ட் தொழிலாளியின் வழக்கில் 480 நாள் என்பது இரண்டாவது கேள்வி. யார் முதலாளி என்பதே முதல் கேள்வி. இதைத் தலைகீழாக எழுதிய மனுக்கள் நிறைய வீழ்ந்திருக்கின்றன.

எதை வைத்து நிரூபிப்பது? யார் நேர்காணல் செய்து எடுத்தார்கள், யார் சம்பளம் தந்தார்கள், யாருக்கு நீக்கும் அதிகாரம், யார் ஒழுங்கு நடவடிக்கை எடுத்தார்கள், வேலை தொடர்ந்து நடப்பதா, அன்றாட வேலையில் முழுக் கட்டுப்பாடும் மேற்பார்வையும் யாருடையது. 2014-ல் பல்வந்த் ராய் சலூஜா வழக்கில் உச்ச நீதிமன்றம் அடுக்கிய கேள்விகள் இவைதான். இதில் ஒரு நுட்பம் இருக்கிறது. "இந்த வேலையை இப்படிச் செய்" என்று கம்பெனி சூப்பர்வைசர் சொல்வது மட்டும் போதாது, அது இரண்டாம் நிலைக் கட்டுப்பாடு என்று நீதிமன்றங்கள் ஒதுக்கிவிடுகின்றன. லீவு லெட்டரில் கையெழுத்திட்டவர் யார், மெமோ தந்தவர் யார், எந்த ஊழியர் எந்த டிபார்ட்மென்டுக்கு என்று முடிவு செய்தவர் யார் என்பவை அதைவிட எடை அதிகம். காண்ட்ராக்டர் மாறியபோதும் தொழிலாளி மாறவில்லை என்பதும் பலமான சங்கதி. காண்ட்ராக்டருக்கு உரிமம் இருந்ததா, உரிமத்தில் எத்தனை பேர், எந்த வேலைக்கு என்று தொழிலாளர் துறையிடம் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். துப்புரவுக்கு உரிமம் வாங்கிவிட்டு உற்பத்தி லைனில் ஆள் நிறுத்துவது அபூர்வமல்ல.

எந்தக் கதவு, எந்த வரிசையில்

நேரடியாக நிறுவனத்தின் கீழ் இருப்பவர்களுக்கு மிகக் குறைந்த செலவுள்ள வழி 1981 சட்டத்தின் ஆய்வாளர். 480 நாள் முடித்தவர்களின் பட்டியலைப் படிவம் 1-ல் நிர்வாகம் பராமரிக்க வேண்டும். அதில் பெயர் இல்லை என்றால் விதி 6(4)-ன் கீழ் ஆய்வாளரிடம் முறையிடலாம். அவர் விசாரித்து, பதிவேட்டைத் திருத்தவோ நிரந்தர ஆணை வழங்கவோ நிர்வாகத்துக்கு உத்தரவிடலாம். இதற்குச் சங்கம் கட்டாயமில்லை, ஒருவரே போகலாம். தொழிற்சாலை என்றால் தொழிலகப் பாதுகாப்பு மற்றும் சுகாதார இயக்கக அதிகாரியிடமும், கடை அல்லது பிற நிறுவனம் என்றால் தொழிலாளர் துறை அதிகாரியிடமும் போக வேண்டும். ஒரு தாளில் நாள் கணக்கை மாதவாரியாகப் போட்டு, இ.எஸ்.ஐ. நகலை இணைத்துக் கொடுங்கள், ஒப்புகை வாங்குங்கள். மாதக்கணக்கில் அசைவில்லை என்றால், மனுவைக் குறிப்பிட்ட காலத்துக்குள் முடிக்கச் சொல்லி உயர் நீதிமன்றத்தில் ரிட் (அதிகாரிக்கு ஆணையிடக் கோரும் மனு) போடலாம். அந்த ரிட் நிலைக்கும். "எனக்கு நிரந்தரம் கொடு" என்று தனியார் கம்பெனிக்கு எதிராக நேராக ரிட் போட்டால் நிலைக்காது. இந்த வித்தியாசத்தைக் கவனிக்காமல் வருடங்களை இழந்தவர்கள் அதிகம்.

காண்ட்ராக்ட் கண்துடைப்பு என்பது போன்ற பெரிய தகராறு ஆய்வாளர் தீர்க்கக்கூடியதல்ல. அதற்குத் தொழில் தகராறு எழுப்ப வேண்டும். வேலை நீக்கம் என்றால் தனி ஆளே தகராறு எழுப்பலாம். நிரந்தரம் கேட்பது கூட்டுக் கோரிக்கை. சங்கமோ, கணிசமான தொழிலாளர்களோ அதைத் தமதாக்க வேண்டும். சங்கச் செயற்குழு அல்லது பொதுக்குழுத் தீர்மானம், கூட்டத்துக்கு வந்தோர் கையெழுத்து, தீர்மானத் தேதி ஆகிய மூன்றும் தகராறு எழுப்புவதற்கு முந்தைய தேதியில் இருக்க வேண்டும். பிறகு எழுதிச் சேர்த்த தீர்மானத்தை நிர்வாகத் தரப்பு எளிதில் பிடித்துவிடும்.

2025 நவம்பர் 21 அன்று தொழில் உறவுச் சட்டத் தொகுப்பு, 2020 நடைமுறைக்கு வந்தது. தொழில் தகராறுகள் சட்டத்தின் இடத்தை அது எடுத்துக்கொண்டது. முன்பு தொழிலாளர் துறை அதிகாரி முன் நடக்கும் சமரசம் முறிந்தால் அரசு வழக்கைத் தீர்ப்பாயத்துக்கு அனுப்ப வேண்டும். இப்போது சமரச அதிகாரியின் அறிக்கை வந்த 90 நாளுக்குள் தரப்பினரே தீர்ப்பாயத்தில் மனு செய்ய வேண்டும். தகராறு எழுந்து இரண்டு வருடம் கடந்துவிட்டால் சமரச நடவடிக்கையே நடத்த முடியாது. "பார்த்துக்கொள்ளலாம்" என்று தள்ளிப்போட இனி இடமில்லை. குறிப்பிட்ட கால வேலை என்ற முறையும் இதில் சட்டபூர்வமாகிவிட்டது. காலம் முடிந்து வெளியேற்றுவது ஆட்குறைப்பு ஆகாது. ஆனால் அதே வேலை செய்யும் நிரந்தரத் தொழிலாளிக்குள்ள சம்பளமும் சலுகையும் அவருக்கும் உண்டு, ஒரு வருடத்திலேயே கிராஜுட்டியும் (பணிக்கொடை) உண்டு. இந்தத் தொகுப்பு ரத்து செய்த சட்டங்களின் பட்டியலில் தமிழ்நாட்டின் 1981 சட்டம் இல்லை. இனி வரும் வழக்குகளில் இந்த இரண்டும் நேருக்கு நேர் மோதும். ஆகவே 'குறிப்பிட்ட காலம்' என்று அச்சடித்த தாளைக் கையில் கொடுத்தால், நகல் வாங்காமல் கையெழுத்திடாதீர்கள்.

நேரம் பற்றி ஒரு விஷயம் மிக முக்கியம். தகராறு சமரசத்தில் நிலுவையில் இருக்கும்போது, அது தொடர்பாகப் பணி நிலைமையை நிர்வாகம் அனுமதியின்றி மாற்ற முடியாது. பழைய சட்டத்தில் 33-வது பிரிவில் இருந்த இந்தப் பாதுகாப்பு புதிய தொகுப்பிலும் தொடர்கிறது. எனவே வேலையில் இருக்கும்போதே கோரிக்கையைப் பதிவு செய்ய வேண்டும். வெளியே தள்ளிய பிறகு போனால் கதை வேறு. தினக்கூலிகளின் நீக்கத்தில் நடைமுறைத் தவறு இருந்தால்கூட, மீண்டும் வேலைக்குப் பதிலாக ஒரு தொகையைக் கொடுத்து முடிக்கச் சொல்லும் போக்கு 2009-க்குப் பிறகு உச்ச நீதிமன்றத் தீர்ப்புகளில் வலுத்திருக்கிறது.

அரசு, வாரியம், உள்ளாட்சி என்றால் முதல் நாளே எதிர்ப்பக்கம் உமாதேவி தீர்ப்பை நீட்டும். 2006 ஏப்ரல் 10 அன்று ஐந்து நீதிபதிகள் அமர்வு சொன்னது, பின்வாசல் நியமனத்தை நீதிமன்றங்கள் நிரந்தரமாக்கக் கூடாது என்பது. அதே தீர்ப்பின் 53-வது பத்தியை அவர்கள் காட்ட மாட்டார்கள். அனுமதிக்கப்பட்ட பணியிடத்தில், நீதிமன்றத் தடையாணையின் துணையின்றி பத்து வருடம் வேலை செய்தவர்களை ஒருமுறை நடவடிக்கையாக முறைப்படுத்தச் சொன்னது அந்தப் பத்தி. மேலும், தொழில் நீதிமன்றங்களுக்கு நியாயமற்ற தொழில் நடைமுறையைத் தடுக்கும் அதிகாரத்தை உமாதேவி பறிக்கவில்லை என்று 2009-ல் மகாராஷ்டிரப் போக்குவரத்துக் கழக வழக்கில் விளக்கம் வந்தது. மத்திய நீர் ஆணையத்தில் துப்புரவும் தோட்ட வேலையும் செய்தவர்களுக்காக 2024 டிசம்பர் 20 அன்று வந்த ஜக்கோ தீர்ப்பும், காஜியாபாத் மாநகராட்சித் தோட்டக்காரர்களுக்காக 2025 ஜனவரி 31 அன்று வந்த ஸ்ரீபால் தீர்ப்பும், நீண்ட காலம் உழைத்தவர்களைச் சுரண்ட உமாதேவியைக் கேடயமாக்க முடியாது என்கின்றன. அரசுத் துறை மனுவில் எழுத வேண்டியவை: வேலை நிரந்தரத் தன்மை கொண்டதா, பணியிடம் இருக்கிறதா, எந்த முறையில் எடுத்தார்கள், அதே வேலையில் வேறு யாரை நிரந்தரமாக்கினார்கள். நிரந்தரம் உடனே வராவிட்டாலும், அதே வேலைக்கு ஊதிய விகிதத்தின் குறைந்தபட்சமாவது உண்டு என்று 2016-ல் ஜக்ஜித் சிங் வழக்கு சொன்னது. அதை மாற்றுக் கோரிக்கையாகச் சேர்த்துவிடுங்கள்.

கடைசியில் ஆணை வருகிறது என்று வையுங்கள். சில நிர்வாகங்கள் அப்போதும் ஒரு வேலை செய்கின்றன. 'இன்று முதல் ஆறு மாதம் பயிற்சிக் காலம், பிறகு நிரந்தரம்' என்று புதிய நியமன ஆணை நீட்டுவார்கள், கூடவே பழைய கணக்கை முடித்ததாக ஒரு ரசீதில் கையெழுத்துக் கேட்பார்கள். மகிழ்ச்சியில் அதில் கையெழுத்திட்டால் பழைய பணிக்காலம் சர்ச்சைக்குள் விழும். கிராஜுட்டி கணக்கில் அது எவ்வளவு என்று பாருங்கள். மாதச் சம்பளம் 18,000 ரூபாய் என்றால், 26-ஆல் வகுத்து 15-ஆல் பெருக்கினால் வருடத்துக்கு 10,384 ரூபாய். ஒன்பது வருடம் போனால் 93,461 ரூபாய் போகிறது, சீனியாரிட்டி தனி. ஆணையில் 1981 சட்டத்தின் 3-வது பிரிவு என்ற சொல்லும், 480 நாள் முடிந்த தேதியும், நிரந்தரம் அந்தத் தேதியிலிருந்து என்ற வரியும், முதலில் வேலைக்குச் சேர்ந்த தேதியும் இருக்க வேண்டும். இல்லையென்றால் 'ஆட்சேபத்துடன் பெற்றுக்கொள்கிறேன்' என்று எழுதிக் கையெழுத்திட்டு, அதை அங்கேயே ஒரு படம் எடுத்து, அன்று மாலையே ஆய்வாளருக்கு நகல் அனுப்பிவிடுங்கள்.